ஓடாவி குடியில் ஐந்து நாள்

நான் சொல்லும் பொய்யை யாரும் நம்ப மாட்டார்கள் என்று நம்பினேன். ஐம்பத்திரண்டு வயதில் ஒருவனுக்கு இருக்கக்கூடாத நம்பிக்கை இது. ஆனால் எனக்குக் காரணம் இருந்தது. சென்னையில் நான் உண்மையைச் சொன்னாலே நம்ப ஆள் கிடையாது. ‘பால் வாங்கி வைத்துவிட்டேன்’ என்று சொன்னால் என் மனைவி எழுந்து போய் ஃபிரிட்ஜைத் திறந்து பார்ப்பாள். இப்படிப்பட்டவன் கடல் தாண்டிப் போய், முன்பின் தெரியாத ஊரில் ஒரு பொய்யைச் சொன்னால், பேருந்தில் மறந்துவிட்ட குடை மாதிரி அது அங்கேயே கிடந்துவிடும் என்று நினைத்தேன். கிடக்கவில்லை. எழுந்து நின்று எனக்கு உறவுமுறை சொல்லிக் கூப்பிட்டது. அதோடு விட்டிருந்தாலும் பரவாயில்லை. ஆண்டுக்கு ஒரு முறை தன் பிள்ளையின் பேரில் சொல்லப்படுகிற ஒரே ஒரு சொல்லை ஒரு தாயிடமிருந்து பிடுங்கப் பார்த்தது.

பழைய இடங்களைப் பற்றிப் படம் எடுப்பது என் தொழில். கோயில், கோட்டை, இடிந்த சத்திரம், அதைச் சுற்றி வழங்குகிற கதைகள். ஒரு இணையச் சேனல் அவற்றை வெளியிடுகிறது. மட்டக்களப்பு வாவிக்கு அந்தக் கரையில், வெல்லாவெளியையும் தாண்டி உள்ளே, ஆண்டில் எட்டே நாள் கதவு திறக்கும் அம்மன் கோயில் ஒன்று இருப்பதாகச் சேனல்காரர்களுக்கு யாரோ சொல்லிவிட்டார்கள். “சார், எட்டு நாள்தான் திறக்கிறாங்கன்னா மீதி நாள் உள்ளே என்ன நடக்குது? அந்த மர்மம் வேணும்” என்றார் தயாரிப்பாளர். மீதி நாள் உள்ளே வௌவால் இருக்கும் என்றேன். அவர் சிரிக்கவில்லை. நான் விமானம் ஏறுவதற்கு முன்பே படத்துக்கு முகப்பு அட்டை தயாராகிவிட்டது. அதில் நான் டார்ச் லைட்டோடு ஒரு பாம்பைப் பார்த்து வாயைப் பிளந்து நிற்கிறேன். அந்தப் பாம்பை நான் வாழ்க்கையில் சந்தித்ததே இல்லை.

முதல் நாள் காலை மட்டக்களப்பில் நியாஸ் என்பவரின் ஓட்டோவில் ஏறினேன். காத்தான்குடிக்காரர். கத்தாரில் பதினொரு வருடம் லாரி ஓட்டிவிட்டு வந்தவர். நாற்பது வயதிருக்கும். ஏறியதும் நான் செய்த முதல் காரியம், “நீங்க ரொம்ப நல்லாத் தமிழ் பேசுறீங்களே” என்று பாராட்டியது.

“நீங்களும் பரவால்ல சேர்,” என்றார் நியாஸ். “எங்க படிச்சீங்க?”

எனக்கு உச்சந்தலை வரை சூடு ஏறியது. அவர் மேல் இல்லை. இந்தப் பாராட்டை ஒவ்வொருவரிடமும் வழங்கிக்கொண்டு திரிகிற என் நாட்டு ஆட்கள் அத்தனை பேர் மேலும். அந்த வரிசையில் நானும் நின்றுவிட்டேனே என்று.

வாவியைக் கடக்க, மேலே தகடு பாவிய ஓர் இரும்புத் தெப்பம் இருக்கிறது. ‘பாதை’ என்று அதற்குப் பெயர். ஓட்டோ, மோட்டார் சைக்கிள், நாலு மூட்டை, இரண்டு ஆடு, பள்ளிக்கூட ஆசிரியைகள், எல்லாம் ஏறிக்கொள்ளும். நடு வாவியில் ஆற்றுவாழைச் செடிகள் பந்தாகத் திரண்டு வந்து அடியில் சிக்க, பாதை நின்றது. எனக்கு நீச்சல் தெரியாது. நான் கத்தவில்லை, அது மட்டும்தான் நான் செய்யாதது. கேமராப் பெட்டி மிதக்கும் என்ற ஞாபகம் வந்து அதை நெஞ்சோடு கட்டிக்கொண்டு, ஓட்டோவின் பின்சீட்டில் ஏறி நின்று, கூரைக் கம்பியைப் பிடித்துக்கொண்டேன். மண்பாண்டம் ஏற்றிவந்த ஒருவர் சிங்களத்தில் ஏதோ சொல்ல, எல்லோரும் சிரித்தார்கள். என்னவென்று கேட்டேன்.

“இந்த மனுசன் தண்ணிக்குப் பயந்து ஏறி நிக்கிற சாமானுக்குத்தான் பாரம் கூட, முதல்ல மூழ்குறது அதுதான் எண்டு சொல்லுறார்,” என்றார் நியாஸ்.

ஆடுகள் இரண்டும் என்னைப் பார்த்தபடி நிம்மதியாக அசை போட்டுக்கொண்டிருந்தன. பாதைக்காரர் ஒருவர் கம்போடு தண்ணீரில் குதித்தார். தண்ணீர் அவருக்கு இடுப்பு வரை வந்தது.

இரண்டாம் நாள் வண்ணக்கரைப் பார்க்கப் போனேன். நம் ஊர்த் தர்மகர்த்தா மாதிரி இங்கே வண்ணக்கர். இவர் ஓய்வுபெற்ற பள்ளி அதிபர். மணிக்கட்டில் கடிகாரம், சட்டைப் பையில் இரண்டு பேனா, பேச்சில் எப்போதும் பத்து நிமிடம் பிந்திவிட்ட அவசரம். சடங்கு தொடங்கி நாலு நாளாகியிருந்தது. எனக்குப் புட்டும் பூசணிக்காய்க் கறியும் போட்டார்கள். இறாலும் நண்டும் துள்ளுகிற வாவிக்கரைக்கு வந்து பூசணிக்காயா என்று முகத்தைத் தொங்கப்போட்டேன்.

“சடங்கு முடியுமட்டும் ஊருக்குள்ள மீன், இறைச்சி, ஒரு மச்சமும் இல்ல தம்பி,” என்றார் வண்ணக்கர். பிறகு ஒரு சட்டி எருமைத் தயிரை என் முன்னால் நகர்த்தினார். கவிழ்த்தாலும் விழாத தயிர். அதற்கு மேல் ‘பாணி’ என்கிற வெல்லப்பாகை ஊற்றினார்கள். நான் பூசணிக்காயை மன்னித்தேன்.

கோயில் கதையை அவர்தான் சொன்னார். அம்மன் ஒரு குடத்துக்குள் இந்தியக் கரையிலிருந்து தோணியில் வந்தாளாம். வழியில் தோணி ஓட்டை விழுந்தது. தோணியைக் கட்டிய ஓடாவி, கையில் பலகை இல்லாததால், தன் முதுகையே அந்த ஓட்டையில் வைத்து அடைத்தபடி கரை வரை வந்து, கரையில் செத்துப்போனார். அவருடைய தங்கை பெற்ற பிள்ளைகளின் வழி வந்தவர்கள் ஓடாவி குடி. இந்தப் பக்கத்தில் குடி என்பது அப்பாவின் வழியில் வருவதில்லை, அம்மாவின் வழியில் வருவது. அப்பா எந்தக் குடியாக இருந்தாலும் பிள்ளை அம்மாவின் குடி. வீடும் பெண்ணுக்குத்தான், கல்யாணமானால் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போகிறவன் மாப்பிள்ளை. கோயிலில் ஏழு குடிகளுக்கு உரிமை. சடங்கின் கடைசி நாள் பகலில் வேலிக்குள் ஏழு பாய் விரித்து, ஒவ்வொரு குடியையும் பெயர் சொல்லிக் கூப்பிடுவார்கள். குடிக்கு ஒருவர் வந்து வெற்றிலையும் பூவும் வைத்த பித்தளை வட்டாவை வாங்கிக்கொள்ள வேண்டும்.

“அதைப் படம் எடுக்கணும்,” என்றேன்.

“வெளியால எவ்வளவும் எடுங்க. கடைசி நாள் வேலிக்கு உள்ளுக்க மட்டும் ஏலாது. அது குடி ஆக்கள் இரிக்கிற இடம்.”

“நான் ஓரமா நின்னுக்கறேன்.”

“ஓரமும் உள்ளுக்கதானே தம்பி.”

அந்த ஓடாவி எந்தக் கரையிலிருந்து வந்தவர் என்று கேட்டேன். உங்கட வேதாரண்யப் பக்கம் எண்டுதான் கதை என்றார். என் வாய் தன்பாட்டில் திறந்தது.

“எங்கம்மாவே வேதாரண்யம்தாங்க. தோணி கட்டுற குடும்பம். ஓடாவி வீடுன்னுதான் ஊர்ல சொல்லுவாங்க.”

என் அம்மாவின் ஊர் ஒட்டன்சத்திரம். கடலைப் பார்க்க வேண்டுமானால் அங்கிருந்து பொழுதெல்லாம் பேருந்தில் உட்கார்ந்து போக வேண்டும். தாத்தா சைக்கிள் கடை வைத்திருந்தார். அவர் கை பட்டுத் தண்ணீரில் மிதந்த பொருள் பஞ்சர் பார்க்கிற டியூப் ஒன்றுதான். இதை நான் நகைச்சுவையாகத்தான் சொன்னேன். ‘அட போங்க’ என்று அவர் சிரிப்பார், நானும் சிரிப்பேன், சிரித்த முகத்துக்காக ஓரமாக நிற்க விட்டுவிடுவார் என்பது என் கணக்கு.

அவர் சிரிக்கவில்லை. எழுந்தார். மடித்துக் கட்டியிருந்த வேட்டியை இறக்கிவிட்டார். என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு, “மருமகன்” என்றார்.

நம் ஊரில் சாதிச் சான்றிதழ் ஒன்று வாங்க வேண்டுமானால் எத்தனை படி ஏறுகிறோம், எத்தனை கையெழுத்து, எத்தனை ‘நாளைக்கு வாங்க’! இங்கே ஒருவரும் ஒரு தாளும் கேட்கவில்லை. மூன்றாம் நாள் காலைக்குள் எனக்கு அந்த ஊரில் எண்பது உறவினர்கள். ஒருவர் மச்சான் என்றார். இரண்டு பெண்கள் என்னைக் கண்டதும் சிரித்துக்கொண்டு உள்ளே ஓடினார்கள். முறைப்பெண்களாம், இருவருக்கும் பேரப்பிள்ளைகள் உண்டு. தேநீர்க் கடையில் ஒரு பெரியவர் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டுச் சொன்னார்:

“முதுகப் பாருங்க. ஓடாவிட முதுகு அப்பிடியே இரிக்கு.”

அது எட்டு வருடம் எடிட்டிங் மேசையில் உட்கார்ந்து வந்த கூன்.

நியாஸிடம் விஷயத்தைப் பெருமையாகச் சொன்னேன். அவர் ஓட்டோவை ஓரமாக நிறுத்திவிட்டுத் திரும்பி என்னைப் பார்த்தார்.

“பொய்யா சென்னீங்க?”

“சும்மா ஒரு...”

“சேர், எங்களுக்கும் குடி இரிக்கு. முஸ்லிம் ஆக்களுக்கும் இஞ்ச உம்மாட வழிதான். ஒரே குடிக்க கலியாணம் முடிக்கேலாது, சகோதரம். நான் என்ட உம்மாட குடிய மாத்திச் சென்னா, என்ட தங்கச்சியையே எனக்குப் பேசி வந்திருவாங்க. அதால இதில மட்டும் ஒருத்தரும் பொய் சொல்லுறல்ல. கள்ளன் கூடச் சொல்லமாட்டான். நீங்க சொல்லக்குள்ள அவருக்குச் சந்தேகமே வந்திரிக்காது. தாய்ட குடியில ஆராவது பொய் சொல்லுவானா?”

“இப்ப என்ன பண்றது?”

“எனக்கென்ன தெரியும்? நான் ஓட்டோ ஓடுறவன். நீங்க இப்ப ஓடாவி.”

அன்று மாலை வண்ணக்கர் என் அறைக்கு வந்தார். கடைசி நாள் ஓடாவி குடியின் வட்டாவை நான் வாங்க வேண்டும், எல்லோருக்கும் சொல்லியாகிவிட்டது என்றார். உண்மையைச் சொல்கிறேன், என் மனதில் முதலில் ஓடியது வெட்கமில்லை, கேமரா வைக்கிற கோணம். பாயிலிருந்தே, கண் மட்டத்தில், முன்னால் ஆறு குடி, பின்னால் திறந்த கதவு. அப்புறம்தான் கேட்டேன், இத்தனை வருடம் யார் வாங்கினார்கள் என்று.

“ஒருத்தரும் வாங்கல்ல,” என்றார். “ஓடாவி குடியில இப்ப ஊரில இரிக்கிறது ஒரே ஒரு பொம்பள, பூமணி. அவட மகன் ரவிதான் அந்த வட்டா எடுக்க வேண்டிய ஆள். ஒருநாள் ரியூசனுக்கு எண்டு போன பிள்ள. பதினேழு வயசு. திரும்பி வரல்ல. அந்தக் காலம் அப்பிடி. ஒரு குடிய மூண்டு தரம் கூப்பிடுவம். மூண்டாம் தரமும் ஆரும் குரல் குடுக்காட்டி, அந்தப் பாயச் சுருட்டிரணும். அந்தக் குடி அதோட முடிஞ்சுது. அதுக்காகப் பூமணிட புருசன் சிவலிங்கம் வெளியில நிண்டு ‘வாறான்’ எண்டு சொல்லுவார். மகன் வந்துகொண்டிரிக்கான் எண்டு. வட்டாவ வெறும் பாயில வைச்சிட்டு அடுத்த குடியக் கூப்பிடுவம். பத்தொம்பது வருசம், தம்பி. ஒவ்வொரு வருசமும் பொம்பளைகள் அழுறாங்க. மங்கள காரியம். இப்ப அம்மாளே ஆளக் காட்டித் தந்திட்டா. நீங்க பூமணிக்குத் தம்பி முறை. தாய்மாமன் இரிக்கக்குள்ள மருமகனுக்கு என்ன இடம்?”

அவர் கெட்டவர் இல்லை. அதுதான் எனக்கு ஆத்திரத்தைக் கூட்டியது. பத்தொன்பது வருடமாக ஒரு விழா நடுவில் தொண்டை அடைத்து நிற்பதைப் பார்த்துக் களைத்துப்போன மனிதர், சந்தடியில்லாமல் ஒரு பழைய ஃபைலை மூடப் பார்க்கிறார். மூடுவதற்குக் கிடைத்த மூடி நான். ஒரு ஊரில் ஒரு பிள்ளை காணாமல் போயிருக்கிறான். போகிற வருகிற அலுவலகமெல்லாம் அந்தத் தாயிடம் எதையாவது எழுதி வாங்கிக்கொண்டு அனுப்பத்தான் பார்த்திருக்கும். எஞ்சியிருந்தது ஆண்டுக்கு ஒரு சொல், வாறான். அதுவும் விழாவுக்கு இடைஞ்சலாம்! அதை எடுத்துக்கொள்ள ஒட்டன்சத்திரத்திலிருந்து ஒருத்தன் விமானம் ஏறி வந்திருக்கிறான், நல்ல கோணத்துக்காக! தயாரிப்பாளரைத் திட்டினேன், வண்ணக்கரைத் திட்டினேன், கடைசியில் திட்டுவதற்கு அறையில் ஒருவன்தான் மிச்சமிருந்தான்.

நான்காம் நாள் காலை பூமணியின் வீட்டுக்குப் போனேன். முற்றத்தில் சிவலிங்கம் சைக்கிளைக் கவிழ்த்துப்போட்டுப் பின்சக்கரத்தைக் கழற்றிக்கொண்டிருந்தார். மெலிந்த, பேச்சுக் குறைந்த மனிதர். பூமணி வாசலுக்கு வந்தார். அறுபதைத் தாண்டியவர், இடுப்பில் கை.

“வாங்க தம்பி, வாங்க. இந்த வயசில எனக்கொரு தம்பி பொறந்திரிக்கான் எண்டு ஊரெல்லாம் சென்னாங்க. பெத்த எங்கட அம்மாவுக்கே தெரியாமப் போச்சே! இரிங்க. வீடு வளவில பங்கு கேட்டு வந்தயா? இஞ்ச ஆம்பிளைகளுக்குப் பங்கு இல்ல. பசிச்சாச் சோறு இரிக்கு.”

“அக்கா, நான் பொய் சொன்னேன்,” என்றேன். முழுவதையும் சொன்னேன். ஒட்டன்சத்திரம், சைக்கிள் கடை, கேமரா, கோணம். சொல்லும்போதே கை தன்னால் போய்ச் சிவலிங்கத்தின் டியூபை வாங்கிக்கொண்டது. தாத்தா கடையில் விடுமுறைக்கு விடுமுறை செய்த வேலை. வாளித் தண்ணீரில் முக்கி ஓட்டையைத் தேடிக்கொண்டே சொல்லி முடித்தேன்.

பூமணி இடுப்பிலிருந்து கையை எடுத்தார். பிறகு, “தாய மாத்திச் சென்னயா?” என்று மட்டும் கேட்டார். நான் டியூபை இன்னும் ஆழமாக முக்கினேன். “அவ உயிரோட இரிக்காவா?”

“இருக்காங்க.”

“வீட்ட போய் அவட காலில விழு.”

சிவலிங்கத்திடம் திரும்பினேன். நாளைக்கு நான் எல்லோர் முன்னாலும் உண்மையைச் சொல்லிவிடுகிறேன், நீங்கள் எப்போதும் போல வந்து சொல்லுங்கள் என்றேன். அவர் சக்கரத்தைப் பார்த்தபடியே பேசினார்.

“நான் வரல்ல.”

“ஏங்க?”

“உங்களால இல்ல. நீங்க வந்தது எனக்கு வராம இரிக்க ஒரு சாட்டு. போன வருசம் சொல்லக்குள்ளயே சொல்லு தொண்டைக்குள்ள நிண்டிட்டு. நம்பித்தான் சொல்லுறனா, பழக்கத்தில சொல்லுறனா எண்டு எனக்கே தெரியல்ல. அம்மாளுக்கு முன்னால நிண்டு தெரியாததச் சொல்லேலா. மறுகா, நான் மாப்பிள்ளையா வந்தவன். அது என்ட குடியும் இல்ல.”

பூமணி உள்ளே போய்விட்டார். பாத்திரம் ஒன்று தரையில் பலமாக வைக்கப்படும் சத்தம் கேட்டது. அவரே சொல்லக்கூடாதா, குடி அவருடையதுதானே என்று சிவலிங்கத்திடம் மெதுவாகக் கேட்டேன்.

“பொம்பளைகள் குரல் குடுக்கிறல்ல,” என்றார். “ஒரு நாளும் குடுத்ததில்ல.”

பெண் வழியில் குடி, பெண் பெயரில் வீடு, கூப்பிட்டால் குரல் கொடுக்க மட்டும் ஆண்! நம் ஊரில் பெண்ணுக்குக் குடியும் இல்லை, வீடும் இல்லை, குரலும் இல்லை என்பதால் நான் வாயை மூடிக்கொண்டேன். டியூபில் குமிழி வந்தது. ஒட்டுப்போட்டுக் கொடுத்தேன்.

அங்கிருந்து நேரே வண்ணக்கரிடம் போய்ச் சொன்னேன். அவர் கையை உயர்த்தித் தடுத்தார்.

“வேணாம். நீங்க பொய் எண்டு சென்னா, நான் கேக்கல்ல. ஒலிபெருக்கியில சொல்லியாச்சு. உங்கட அம்மாவுக்கு அவமானம், எனக்கும் அவமானம். பேசாம வட்டாவ வாங்கிக்கொண்டு போங்க. ஒரு நாள் வேலை.”

“அந்தப் பிள்ளை?”

“அந்தப் பிள்ள வந்தா, நானே என்ட கையால குடுப்பன்,” என்றார். சட்டைப் பையிலிருந்து ஒரு பேனாவை எடுத்து மறுபடி அங்கேயே செருகினார். பிறகு கடிகாரத்தைப் பார்த்தார்.

நியாஸ் வேறொரு யோசனை சொன்னார். விடிய வெள்ளனப் பாதையில் ஏறினால் பகலுக்குள் காத்தான்குடி, அங்கே மாட்டிறைச்சிக் கொத்து, பிறகு கொழும்பு. நான் இல்லாவிட்டால் பாயில் ஆள் இல்லை. அரை மணி நேரம் இதை மிக மதிப்போடு பரிசீலித்தேன். ஆனால் சிவலிங்கமும் வராமல் நானும் ஓடிப்போனால் மூன்று தரம் கூப்பிட்டுவிட்டுப் பாயைச் சுருட்டிவிடுவார்கள். ‘குடி ஆளே வந்து விட்டிட்டுப் போயிட்டான்’ என்றும் ஆகும். தங்கினேன். தைரியத்தால் என்று யாரும் நினைக்க வேண்டாம். அந்தத் தெப்பத்தில் மறுபடி ஏறத்தான் தைரியம் வேண்டும்.

ஐந்தாம் நாள். பகல் பதினொரு மணி வெயில். கிடுகு வேலிக்குள் பந்தல், ஏழு பாய். ஒரு பக்கம் ஆண்கள், ஒரு பக்கம் பெண்கள், பறை, வேப்பிலை வாசம், சாம்பிராணிப் புகை. வண்ணக்கர் அனுமதித்தபடி கேமராவை மூலையில் நிறுத்தி ஓட விட்டிருந்தேன். நான்காவது பாயில் நான். சென்னையில் வாங்கிய ஒட்டிக்கோ வேட்டி. இடது கால் தானாக ஆடியது. அதை நிறுத்த வலது காலைத் தூக்கி மேலே வைத்தேன். இரண்டும் சேர்ந்து ஆடின. பக்கத்துப் பாய்க்காரர் என் முழங்காலைத் தட்டி, “முதல் தரம் அப்பிடித்தான் மச்சான்” என்று ஆறுதல் சொன்னார். அந்த ‘மச்சான்’ என்னை இன்னும் நடுங்க வைத்தது.

மூன்று குடிகள் வட்டா வாங்கின. பிறகு, “ஓடாவி குடி!”

எழுந்தேன். எழுந்த வேகத்தில் வேட்டியின் ஒட்டுப் பட்டை சர்ரென்று பிரிந்தது. அந்த அமைதியில் அது பனையோலை கிழிகிற மாதிரிக் கேட்டிருக்கும். இரண்டு கையாலும் வேட்டியைப் பிடித்துக்கொண்டதால் கும்பிடக்கூடக் கை இல்லாமல் சொன்னேன்:

“நான் ஓடாவி குடி இல்லை. பொய் சொன்னேன். என் அம்மா ஊர் ஒட்டன்சத்திரம். உள்ளே வந்து படம் எடுக்கிற ஆசையில சொன்னேன். மன்னிச்சிருங்க.”

பின்னால் ஒரு கிழவர், “அது எங்க கிடக்கு?” என்றார். “தாயையே மாத்திப்போட்டான்டா!” என்றது இன்னொரு குரல். எங்கோ ஒரு சிரிப்பு கிளம்பி உடனே அணைந்தது. பக்கத்துப் பாய்க்காரர் என்னிடமிருந்து ஒரு சாண் நகர்ந்து உட்கார்ந்தார். அந்த ஒரு சாணைப் போல எந்த வசவும் என்னைச் சுட்டதில்லை.

வண்ணக்கர் என்னைப் பார்க்கவே இல்லை. “வேலிக்கு வெளியால போங்க,” என்றார். மருமகன் என்று சொல்லவில்லை, தம்பி என்றும் சொல்லவில்லை. போகிற வழியில் கேமராவை அணைத்து, முக்காலியோடு தூக்கிக்கொண்டு வெளியே வந்தேன்.

வேலிக்கு வெளியே, வேப்ப மரத்தடியில், சைக்கிளைப் பிடித்தபடி சிவலிங்கம் நின்றுகொண்டிருந்தார். வரமாட்டேன் என்றவர். நான் அவர் பக்கத்தில் போய் நின்றேன். அவர் என்னை விரட்டவில்லை.

“ஓடாவி குடி!” இரண்டாம் தரம்.

சிவலிங்கம் வேலி இடுக்கு வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தார். சொல்லுங்கள் என்று சொல்ல எனக்கு என்ன உரிமை?

“ஓடாவி குடி!” மூன்றாம் தரம்.

சிவலிங்கம் வாயைத் திறந்தார். சத்தம் வரவில்லை. வண்ணக்கர் கொஞ்சம் காத்திருந்தார். கடிகாரத்தைப் பார்க்கவில்லை, அதை மட்டும் சொல்ல வேண்டும். பிறகு குனிந்து பாயின் ஓரத்தில் கை வைத்தார்.

பெண்கள் பக்கத்தில் பூமணி எழுந்து நின்றார்.

“வாறான்,” என்றார்.

வண்ணக்கர் நிமிர்ந்து பார்த்தார். பறை அடிக்கிறவர்களும் பார்த்தார்கள். பூமணி உட்காரவில்லை. வண்ணக்கர் பாயிலிருந்து கையை எடுத்தார். வட்டாவை அதன் நடுவில் வைத்தார். ஐந்தாவது குடியைக் கூப்பிட்டார்.